கேளுங்க, சொல்றேன்: மூணு பேர்னா பேசி முடிச்சுக்கலாம், நாலாவது ஆள் வந்தா?

போன மாசம், அமெரிக்கால கம்பெனிங்க நடுவுல போட்டியே கொறைஞ்சு போச்சுன்னு தோமா ஃபிலிப்போன்னு ஒரு பிரெஞ்சுப் பொருளாதாரக்காரர் எழுதின ‘தி கிரேட் ரிவர்சல்’ புத்தகத்தப் பத்தி ஒரு கேள்விக்கு ரெண்டே வரில பதில் சொல்லிட்டு நகந்துட்டேன், அதுக்கு இவ்ளோ தபாலும் மெயிலும் வரும்னு நெனைக்கல. அதனால இந்தத் தடவ சினிமா, ஜோசியம், கிரிக்கெட் எல்லாத்தையும் ஓரமா வெச்சுட்டு முழுக்க இதே. கோவிச்சுக்காதீங்க.

கே: ஆன்ட்டி ட்ரஸ்ட், ஆன்ட்டி ட்ரஸ்ட்னு எழுதினீங்களே, பழனி ஆண்டி பேர்ல ஏதோ ட்ரஸ்ட் போலன்னு எங்க வீட்டுக்காரர் நன்கொடை ரசீது உண்டான்னு கேக்கறார். அது என்னதான் சார்? — ஒரு வாசகி, ஒட்டன்சத்திரம்

ப: ரசீது கிடையாதும்மா, ஆனா அந்த ட்ரஸ்ட்டுக்கும் இந்த ட்ரஸ்ட்டுக்கும் தூரத்துச் சொந்தம் உண்டு. கோயில் சொத்த ட்ரஸ்ட்டிங்க கைல ஒப்படைக்கறோம் பாருங்க, அதே வேலையத்தான் 1882ல ராக்ஃபெல்லரோட ஸ்டாண்டர்ட் ஆயில் ஆளுங்க பண்ணாங்க. பல மாநிலத்துல பல பேர்ல இருந்த எண்ணெய்க் கம்பெனி ஷேர எல்லாம் ஒம்போது ட்ரஸ்ட்டிங்க கைல குடுத்துட்டு பதிலுக்கு ஒரு சர்டிபிகேட் வாங்கி வெச்சுக்கிட்டாங்க, வெளில பாத்தா தனித்தனிக் கடை, உள்ள ஒரே கல்லாப்பெட்டி. சக்கரைக்காரங்க, விஸ்கிக்காரங்க எல்லாம் இதப் பாத்து அதே வழில போனாங்க. ஜனங்க கூச்சல் போட்டு 1890ல ஷெர்மன் சட்டம் வந்துச்சு, ட்ரஸ்ட்ட எதுத்து வந்த சட்டம்ங்கறதால ஆன்ட்டி ட்ரஸ்ட். 1911ல அமெரிக்க சுப்ரீம் கோர்ட் ஸ்டாண்டர்ட் ஆயில 34 துண்டா ஒடைக்கச் சொல்லிச்சு. அதுல ரெண்டு பெரிய துண்டு வளந்து வளந்து எக்ஸான், மொபில்னு ஆகி 1999ல மறுபடி ஒண்ணா சேந்து எக்ஸான்மொபில் ஆனது தனிக் கதை, பாகம் பிரிச்ச அண்ணன் தம்பி பேரன் காலத்துல சம்பந்தி ஆன மாதிரி. இப்ப யாரும் அப்படி ட்ரஸ்ட் வெக்கறதில்ல, பேர் மட்டும் ஒட்டிக்கிச்சு. நம்ம பேப்பர்ல போட்டிச் சட்டம்னு போடுவாங்க.

கே: அமெரிக்காதான போட்டிக்குப் பேர் போன நாடு, அங்க போய் ஒரு பிரான்ஸ்காரர் போட்டியே இல்லன்னு புத்தகம் எழுதறதா? அப்படி என்னதான் சொல்றார்? — ஒரு வாசகர், கும்பகோணம்

ப: நீங்க நம்பினததான் அவரும் நம்பினார். 1999ல எம்ஐடில பிஎச்டி பண்ண பாஸ்டன் பக்கம் வந்து எறங்கறார், லேப்டாப் வாங்கினா மலிவு, இன்டர்நெட் போட்டா மலிவு, ஃப்ளைட் டிக்கெட் பாத்தா அதுவும் மலிவு, பிரான்ஸ்ல இதுக்கெல்லாம் சொத்த எழுதி வெக்கணும். இருபது வருஷத்துல அது அப்படியே தலைகீழாயிடுச்சு. வீட்டு இன்டர்நெட்டுக்கு அமெரிக்காக்காரன் மாசம் 65 டாலருக்கு மேல கட்டிட்டு இருந்தப்ப பிரான்ஸ்காரன் அதுல பாதிதான் கட்டறான். இந்தத் தலைகீழ்தான் புத்தகத் தலைப்பு, 2019ல ஹார்வர்ட் பல்கலைக்கழக வெளியீடா வந்துச்சு.

இதுல எனக்குப் பிடிச்சது என்னன்னா மனுஷன் இந்தப் பஞ்சாயத்துக்குன்னு கெளம்பி வரல. அவர் துறை ஃபைனான்ஸ், நியூயார்க் பல்கலைக்கழகத்துல வாத்தியார். அவர் மண்டையக் குடைஞ்ச கேள்வி வேற: கம்பெனிங்களுக்கு லாபம் கொட்டுது, வட்டியோ தரைல கெடக்கு, அப்பறம் ஏன் எவனும் புது மெஷின், புது ஃபாக்டரின்னு பணத்தப் போட மாட்டேங்கறான்? பால் இருக்கு, சக்கரை இருக்கு, அடுப்பும் எரியுது, பாயசம் மட்டும் வரல. தன்னோட மாணவர் ஹெர்மான் குட்டியெரெஸோட சேந்து ஒவ்வொரு காரணமா தட்டிக் கழிச்சுப் பாத்தா கடைசில நின்னது இதான், பயம் போச்சு. எதுத்த கடைக்காரன் நம்மள முந்திடுவான்ங்கற பயம் இருந்தாதான் முதலாளி கல்லாவுலேர்ந்து காச எடுத்துக் கடைல போடுவான். இல்லன்னா ஷேர்காரங்களுக்கு டிவிடெண்டு, பைபேக்னு (கம்பெனியே தன் ஷேரத் திருப்பி வாங்கிக்கறது) பிரிச்சுக் குடுத்துட்டுப் போய்ட்டே இருப்பான். போட்டி கொறஞ்சதால ஒரு அமெரிக்கக் குடும்பத்துக்கு வருஷம் 5,000 டாலருக்கு மேல நஷ்டம்னு அவர் ஒரு கணக்குப் போடறார், அது அவரோட மதிப்பீடு, கறாரா ரசீது போட்ட கணக்கு இல்ல.

பிரான்ஸ்ல எப்படி மலிவாச்சுன்னு கேட்டா செல்ஃபோன் கதையச் சொல்லணும். ஆரஞ்சு, எஸ்எஃப்ஆர், பூயிக்னு அங்க மூணே கம்பெனி. மூணு பேரும் சிண்டிகேட் போட்டாங்கன்னு 2005ல போட்டி ஆணையம் கண்டுபிடிச்சு 53.4 கோடி யூரோ அபராதம் தீட்டிச்சு. ஒருத்தன் கஸ்டமர ஒருத்தன் இழுக்கறதில்லன்னு பேசி வெச்சு சந்தைய அப்படியே பங்கு போட்டுக்கிட்டது, மாசா மாசம் வியாபார விவரத்த ஒருத்தருக்கொருத்தர் பரிமாறிக்கிட்டது எல்லாம் வெளில வந்துச்சு. அபராதத்தக் கட்டிட்டு வெலையக் கொறைச்சாங்களான்னா பெருசா ஒண்ணும் இல்ல. மூணு பேர் இருந்தா ஒரு டீக்கடைல உக்காந்தே பேசி முடிச்சுடலாம், தனியா சிண்டிகேட் கூட வேணாம், கண்ண கண்ணப் பாத்தாலே போதும். அப்பறம் நாலாவது லைசென்ஸ் விடலாம்னு பேச்சு வந்தப்ப மூணு பேரும் குய்யோ முறையோன்னாங்க, பூயிக் முதலாளி அப்ப ஜனாதிபதியா இருந்த சர்கோசிக்கு நெருங்கின சிநேகிதர் வேற. இருந்தும் 2009 டிசம்பர்ல லைசென்ஸ் குடுத்தாச்சு, வாங்கினது ஸாவியே நியேல்ங்கற ஆளோட ‘ஃப்ரீ’ கம்பெனி.

2012 ஜனவரி 10ந் தேதி மேடை ஏறி நியேல் சொன்னார், இத்தன நாளா உங்கள எல்லாம் புறாவாக்கி வெச்சிருந்தாங்கன்னு. பிரெஞ்சுல புறான்னா நம்ம ஊர்ல இளிச்சவாயன். பேச்சு, எஸ்எம்எஸ் அன்லிமிடெட், டேட்டாவோட மாசம் 19.99 யூரோ, அதுவும் வேணாம்னா 60 நிமிஷம் 60 எஸ்எம்எஸ் ரெண்டே யூரோ. மத்த மூணு பேரும் ஓடி வந்து வெலையக் கொறைச்சாங்க. நேத்து வரைக்கும் எங்களுக்குக் கட்டாதுன்னவங்களுக்கு இன்னிக்கு எப்படிக் கட்டிச்சு? இந்த ஒரு கேள்விக்காகவே புத்தகத்த வாங்கலாம்.

கே: கடை பெருசா இருந்தா மொத்தமா வாங்கி வெல கொறைச்சுக் குடுக்கறான், அது ஜனங்களுக்கு நல்லதுதான? பெருசா வளர்றதே குத்தமா? — ஒரு வாசகர், ஈரோடு

ப: குத்தம் இல்ல, அவரும் அப்படிச் சொல்லல. 1990கள்ல வால்மார்ட் வளந்தப்ப சின்னக் கடைங்க செத்துச்சு, வருத்தம்தான், ஆனா வெல எறங்கிச்சு, உற்பத்தித் திறன் ஏறிச்சு, கம்ப்யூட்டர்ல காசு போட்டாங்க. இது நல்ல விதமாப் பெருசாகறதுங்கறார். 2000க்கு அப்பறம் பாத்தா போட்டிக்கு இருக்கற கம்பெனிங்க மட்டும் கொறையுது, வெல எறங்கல, முதலீடு ஏறல, திறனும் ஏறல, லாபம் மட்டும் ஏறுது. வயிறு பெருசாகறதுல கர்ப்பமும் இருக்கு மகோதரமும் இருக்கு, டாக்டர் கைய வெச்சுப் பாத்துதான் சொல்லணும். ஆட்டர்னு இன்னொரு எம்ஐடி பொருளாதாரக்காரரும் அவர் கூட்டாளிங்களும் இல்ல இல்ல, திறமசாலி கம்பெனி ஜெயிக்கறதால சந்தை அது கைல குவியறதுதான் இதுல நெறயன்னு வாதாடறாங்க, சண்டை இன்னும் ஓயல.

யான் எக்ஹவுட்னு பெல்ஜியத்துக்காரர் ஒருத்தர் இருக்கார், ‘தி ப்ராஃபிட் பாரடாக்ஸ்’னு 2021ல புத்தகம் போட்டார். அவரும் ரெண்டு பேரும் சேந்து போட்ட கணக்குல, கூட ஒரு உருப்படி செய்ய ஆகற செலவுக்கு மேல அமெரிக்கக் கம்பெனிங்க வெக்கற ஏத்தம் 1980ல சராசரி 21 சதவீதம், பின்னால அது 61 சதவீதம் ஆயிடுச்சு. இந்தக் கணக்க எப்படிப் போட்டீங்கன்னு அவரையும் குடைஞ்சவங்க உண்டு, ஆனா ஏறிச்சுங்கறத நெறயப் பேர் ஒத்துக்கறாங்க, எவ்ளோங்கறதுலதான் தகராறு.

கே: ஒரு சந்தைல ஏகபோகம் இருக்கா இல்லையான்னு எப்படி அளப்பாங்க? பரிட்சைக்கும் வரும் போலருக்கு. — பி.காம். மாணவர், விருதுநகர்

ப: தம்பி, சுலபம். ஒவ்வொரு கம்பெனியோட பங்கையும் அதாலயே பெருக்கி எல்லாத்தையும் கூட்டணும், ஹெர்ஃபிண்டால் குறியீடும்பாங்க. நாலு கம்பெனி, ஆளுக்கு 25 சதவீதம்னா 625 நாலு தடவ, 2,500. அதுல ரெண்டு பேர் கல்யாணம் பண்ணிக்கிட்டா 50க்கு 2,500, மத்த ரெண்டு பேருக்கும் 1,250, ஆக 3,750. ஒருத்தனே இருந்தா 10,000. அமெரிக்க அரசாங்கத்தோட 2010 வழிகாட்டில 2,500க்கு மேல இருந்து, சேர்க்கையால 200க்கு மேல ஏறினா சந்தேகப்படுன்னு இருந்துச்சு, 2023ல அத 1,800, 100னு இறுக்கிட்டாங்க. இதுவரைக்கும் பரிட்சைக்கு.

பரிட்சைக்கு வராதது என்னன்னா, கேஸ்ல ஜெயிக்கறதும் தோக்கறதும் இந்தக் கூட்டல்ல இல்ல, எது சந்தைன்னு கோடு போடறதுலதான் இருக்கு. 1956ல டூபான்ட் கம்பெனி கேஸ். செலோஃபேன் பேப்பர், அதாங்க மிட்டாய் சுத்தற கண்ணாடித் தாள், அதுல முக்கால்வாசி டூபான்ட் கைல. ஏகபோகம்னு அரசாங்கம் கேஸ் போட்டுச்சு. கம்பெனி சொல்லிச்சு, ஐயா செலோஃபேன மட்டும் ஏன் பாக்கறீங்க, மெழுகுத் தாள், அலுமினியத் தாள்னு சுத்தற தாள் எத்தனையோ இருக்கே, எல்லாத்தையும் சேத்துப் பாத்தா எங்க பங்கு 20 சதவீதம் கூட இல்லயேன்னு. கோர்ட் ஒத்துக்கிச்சு, கம்பெனி ஜெயிச்சுது. பொருளாதாரக்காரங்க இன்னி வரைக்கும் அதத் தப்பான தீர்ப்புக்கு உதாரணமாச் சொல்லித் தராங்க. ஏன் தப்பு? தக்காளி கிலோ 150க்குப் போனா வீட்ல புளியக் கரைச்சு ஊத்திக் கொழம்பு வெக்கறோம். அதனால புளி தக்காளிக்குப் போட்டின்னு ஆயிடுமா? வெலைய அந்த அளவுக்கு ஏத்தினதாலதான் ஜனங்க புளிக்கு ஓடினாங்க. ஏத்தின வெலைய வெச்சுட்டு, பாருங்க மாத்து இருக்கேன்னு காட்டினா அது வாதம் இல்ல, சாமர்த்தியம்.

கே: அப்ப ஐரோப்பாக்காரங்க எல்லாம் அரிச்சந்திரன் வீட்டுப் பிள்ளைங்களா? அங்க மட்டும் எப்படி நியாயம் நடக்குது? — ஒரு வாசகி, திருநெல்வேலி

ப: அம்மா, வந்த கேள்விலயே அருமையான கேள்வி உங்களுது. அரிச்சந்திரன் எல்லாம் இல்ல, ஒருத்தன ஒருத்தன் நம்பாததாலதான் நடக்குதுங்கறார் ஃபிலிப்போன். புத்தகத்துல இத விட ருசியான எடம் எனக்குத் தெரியல.

எங்க குலதெய்வக் கோயில் உண்டியலுக்கு மூணு பூட்டு. மூணு பங்காளி வகையறா, ஆளுக்கொரு சாவி. ஒரு வருஷம் சண்டை முத்திப்போய் யார் கிட்டயும் சாவி வேணாம்னு மூணையும் கொண்டு போய் சம்பந்தமே இல்லாத ஒரு ரிட்டயர்ட் ஹெட்மாஸ்டர் கிட்ட குடுத்துட்டாங்க. அவர் கறார்னா அப்படி ஒரு கறார், யாரும் ஒத்தப் பைசா எடுக்க முடியல. மூணு வகையறாவுமே அவர வையறாங்க, ஆனா சாவியத் திருப்பிக் கேக்கவும் மாட்டேங்கறாங்க, கேட்டா அடுத்தவன் கைக்குப் போயிடுமேன்னு. ஐரோப்பியப் போட்டி ஆணையம் அந்த ஹெட்மாஸ்டர்தான். பிரான்ஸ்காரன் கைல குடுத்தா பிரெஞ்சுக் கம்பெனிக்கு சாதகம் பண்ணுவான்னு ஜெர்மன்காரனுக்கு பயம், இவன் மேல அவனுக்கு அதே பயம். அதனால தன்னோட நாட்டுல வெச்சுக்க ஒத்துக்காத அளவுக்குக் கறாரான ஆள எல்லாருக்கும் பொதுவா உக்கார வெச்சுட்டாங்க.

ஜெர்மனியோட சீமென்ஸும் பிரான்ஸோட ஆல்ஸ்டாமும் ரயில் தொழில ஒண்ணாக்கப் பாத்தாங்க. ரெண்டு அரசாங்கமும் ஆதரவு, சீனாக்காரன சமாளிக்க வேணாமான்னு கெஞ்சினாங்க, மிரட்டினாங்க. போட்டி கமிஷனரா இருந்த டென்மார்க்காரம்மா மார்கரெத் வெஸ்டாகர் 2019 பிப்ரவரில முடியாதுன்னுட்டாங்க. ஐரோப்பாவோட ரெண்டு பெரிய அண்ணனுங்க சேந்து கேட்டும் நடக்கல. 2001ல இன்னும் வேடிக்க, ஜெனரல் எலக்ட்ரிக், ஹனிவெல் ரெண்டுமே அமெரிக்கக் கம்பெனி, சேரலாம்னு அமெரிக்காவே அனுமதி குடுத்தாச்சு, ஐரோப்பா தடுத்து நிறுத்திடுச்சு.

இதுல வயித்தெரிச்சல் என்னன்னா ஐரோப்பாக்காரங்களுக்கு இந்தப் பாடத்த நடத்தினதே அமெரிக்காதான். 1951ல நிலக்கரி, எஃகு ஒப்பந்தம் போட்டப்ப போட்டி பத்தின பிரிவ எழுத ஒத்தாச பண்ணது ஹார்வர்ட்ல சட்ட வாத்தியாரா இருந்த ராபர்ட் பௌவி. சொல்லிக் குடுத்த ஊர்ல 1978ல ராபர்ட் போர்க்குன்னு ஒரு சட்டக்காரர் புத்தகம் எழுதினார், கம்பெனி பெருசா இருந்தா என்ன, நுகர்வோருக்கு நஷ்டம்னு நிரூபிச்சாதான் குத்தம்னு. ஜனாதிபதியா ரீகன் வந்தார், 1982ல மெர்ஜர் விதிகள், அதாவது கம்பெனியும் கம்பெனியும் சேர்றதுக்கான விதிகள் தளந்துச்சு, கோர்ட்டுங்களும் அந்தப் பக்கம் சாஞ்சுது. போதாததுக்கு வாஷிங்டன்ல லாபி பண்ண, அதாவது அரசாங்கத்தத் தங்க பக்கம் சாய்க்க மட்டும் கம்பெனிங்க, சங்கங்க எல்லாமாச் சேந்து வருஷத்துக்கு 300 கோடி டாலருக்கு மேல செலவு பண்றாங்க. ஐரோப்பிய ஒன்றியத்தோட தலைமையிடமான புரூசெல்ஸ்லயும் லாபி உண்டு, இல்லன்னு இல்ல, ஆனா அங்க எலெக்‌ஷன் செலவுக்கு இந்த மாதிரிப் பணம் ஓடறதில்ல.

கே: ஏர்லைன்ஸ் மெர்ஜர தடுத்தாங்க, கடைசில அந்தக் கம்பெனியே திவாலாச்சே, இதுதான் உங்க போட்டிச் சட்டம் பண்ண நல்லதா? — ஒரு வாசகர், கோயம்புத்தூர்

ப: கொக்கி போடறீங்க, போடுங்க. நீங்க சொல்றது ஸ்பிரிட்ங்கற அமெரிக்க ஏர்லைன்ஸ். 2024 ஜனவரில ஜெட்ப்ளூங்கற இன்னொரு ஏர்லைன்ஸ் அத வாங்கறத கோர்ட் தடுத்துச்சு, அதே வருஷம் நவம்பர்ல ஸ்பிரிட் திவால் மனு போட்டுச்சு, 2025 ஆகஸ்ட்ல ரெண்டாவது தடவயும் போட்டுச்சு. தடுத்தது தப்பான்னா எனக்கு இன்னும் முழு மனசா பதில் சொல்லத் தெரியல. ஆனா ஸ்பிரிட் மாதிரி மலிவு விலைக்காரன் ஏன் மூச்சு முட்டிப் போனான்னு பாக்கணும்ல. 2008ல டெல்டா நார்த்வெஸ்ட்ட முழுங்குச்சு, 2010ல யுனைடெட் கான்டினென்டல, 2011ல சவுத்வெஸ்ட் ஏர்ட்ரான, 2013ல அமெரிக்கனும் யூஎஸ் ஏர்வேஸும். இது எல்லாத்தையும் விட்டுட்டு, நாலு பேர் உள்நாட்டு வானத்துல முக்கால்வாசிக்கு மேல வளைச்சு முடிச்சப்பறம் அஞ்சாவது சின்ன கல்யாணத்த நிறுத்தினா, பந்தி முடிஞ்சு எல வீசினப்பறம் சமையக்காரன மாத்தின மாதிரிதான்.

மெர்ஜர் நடந்தப்பறம் நெசமாவே என்ன ஆச்சுன்னு திரும்பிப் போய் பாத்த மனுஷன் ஒருத்தர் இருக்கார், ஜான் குவோகா, நார்த்ஈஸ்டர்ன் பல்கலைக்கழகம். சேரும்போது எல்லாரும் செலவு கொறையும், வெல கொறையும்னு மனு குடுக்கறாங்க, சேந்தப்பறம் யாரும் போய் பாக்கறதில்ல, பொண்ணு பாக்க வந்த வீட்ல சொல்றதெல்லாம் கல்யாணத்துக்கப்பறம் யார் கேக்கறா. இவர் இருக்கற ஆராய்ச்சிய எல்லாம் தேடிச் சேத்து எம்ஐடி வெளியீடா ஒரு புத்தகம் போட்டார், பேரு ‘மெர்ஜர்ஸ், மெர்ஜர் கன்ட்ரோல் அண்ட் ரெமெடீஸ்’. ஆராஞ்ச சேர்க்கைல 80 சதவீதத்துக்கு மேல வெல ஏறியிருக்கு, எல்லாத்தையும் சேத்து சராசரி ஏத்தம் சுமார் 7 சதவீதம். ரெண்டு கடைல ஒண்ண வித்துட்டு சேந்துக்கோ, இப்படி நடந்துக்குவேன்னு எழுதிக் குடுத்துட்டு சேந்துக்கோன்னு நிபந்தனை போட்டு விட்டாங்க பாருங்க, அதுலயும் வெல ஏறியிருக்கு. அமெரிக்க வர்த்தகக் கமிஷன் பொருளாதாரக்காரங்களே ரெண்டு பேர் எழுந்து, நீ பாத்த கேஸ் ரொம்பக் கம்மி, இத வெச்சு மொத்தக் கொள்கையவும் கொற சொல்லக் கூடாதுன்னு கட்டுரை எழுதினாங்க. அதுலயும் ஞாயம் இருக்கு. ஆனா பின்னால லினா கான் தலைவரா இருந்தப்ப அதே கமிஷனுக்கே குவோகா பொருளாதார ஆலோசகராப் போய் உக்காந்தார், இப்படியும் நடக்கும்.

கே: வெல ஏறினா ஏறட்டும், சம்பளம் வாங்கற எனக்கு இதுல என்ன சார்? — ஐடி ஊழியர், சென்னை ஓஎம்ஆர்

ப: விக்கறவன் ஒருத்தனா இருந்தா வெல ஏறும், வேலைக்கு எடுக்கறவன் ஒருத்தனா இருந்தா கூலி எறங்கும். காசு ஒண்ணுதான், பக்கம்தான் வேற. இதுக்கு மோனாப்சனின்னு ஒரு வார்த்தைய 1933லயே ஜோன் ராபின்சன் அம்மா பொருளாதாரத்துக்குக் கொண்டு வந்தாங்க. உங்க தொழில்லயே நடந்தது கேளுங்க. உன் இன்ஜினியர நான் கூப்பிட மாட்டேன், என் ஆள நீ கூப்பிடாதன்னு ஆப்பிள், கூகுள், இன்டெல், அடோபி எல்லாம் தங்களுக்குள்ள பேசி வெச்சுருந்தாங்க, 2010ல அமெரிக்க நீதித்துறை தலையிட்டு நிறுத்திச்சு, அறுபதாயிரத்துக்கு மேல ஊழியருங்க சார்பா நடந்த வழக்குல இந்த நாலு பேரும் 2015ல 41.5 கோடி டாலர் குடுத்து முடிச்சுக்கிட்டாங்க. ஆளுக்குப் பிரிச்சா சில ஆயிரம் டாலர். ஸ்டீவ் ஜாப்ஸ் கூகுள் தலைவர் எரிக் ஷ்மிட்டுக்கு, உங்க ஆளுங்க எங்க பையன இழுக்கறாங்கன்னு மெயில் போட, அங்க ஆள் இழுத்த பொண்ணுக்கு வேலையே போச்சு, அந்தச் சேதி வந்ததும் ஜாப்ஸ் அத தன்னோட ஆப்பிள் எச்ஆர் தலைமைக்கு ஒரு சிரிப்புப் பொம்மையோட அனுப்பி வெச்சார். கோர்ட் ஆவணத்துல இருக்கு.

கே: நான் முப்பது வருஷம் பேங்க்ல இருந்தவன். எங்க துறையப் பத்தி அவர் ஒண்ணும் சொல்லலயா? — ஒரு வாசகர், தஞ்சாவூர்

ப: சொல்லாம விடுவாரா, அதான் அவரோட சொந்தக் களம். ஒரு டாலர சேமிக்கறவன் கைலேர்ந்து வாங்கி கடன் கேக்கறவன் கைல கொண்டு போய் சேக்க ஆகற செலவு அமெரிக்கால எவ்ளோன்னு 130 வருஷத்துக்கு கணக்கு எடுத்தார். ரெண்டு சதவீதத்துக்குக் கிட்டயே சுத்திச் சுத்தி நிக்குது. பேரேட்டுல பேனால எழுதின காலத்துலயும் அதே, கம்ப்யூட்டர் வந்தப்பறமும் அதே. உங்க கவுன்டர்ல லெட்ஜர் போய் ஸ்கிரீன் வந்தப்ப கஸ்டமருக்கு என்ன கொறைஞ்சுதுன்னு நீங்கதான் எனக்கு எழுதணும்.

கே: இந்தியால? — ஒரு வாசகர், மதுரை

ப: ஒத்த வார்த்தைல கேட்டுட்டீங்க. 1969ல ஏகபோகத்தக் கட்டுப்படுத்த எம்ஆர்டிபி சட்டம், பெருசானாலே சந்தேகம்ங்கற காலம், அப்பறம் 2002ல போட்டிச் சட்டம், 2009லேர்ந்து ஆணையம் கேஸ் எடுக்குது. 2012ல சிண்டிகேட் போட்டாங்கன்னு 11 சிமென்ட் கம்பெனிங்களுக்கு சுமார் 6,300 கோடி அபராதம் போட்டாங்க, கேஸ் மேல்முறையீடு மேல்முறையீடுன்னு இழுத்துச்சு. பிரான்ஸ் கதையப் படிச்சதும் எல்லாருக்கும் ஜியோ ஞாபகம் வரும், எனக்கும் வந்துச்சு. 2016 செப்டம்பர்ல வந்தாங்க, வெல பாதாளத்துக்குப் போச்சு, அதுவரைக்கும் ஒண்ணுதான். ஆனா அங்க மூணு பேர் நாலாச்சு, இங்க பத்துப் பக்கம் இருந்தவங்க பிஎஸ்என்எல்ல விட்டா மூணாயிட்டாங்க, 2024 ஜூலைல மூணு பேரும் சில நாள் இடைவெளில ரீசார்ஜ ஏத்தினாங்க. பேசி வெச்சு பண்ணாங்கன்னு நான் சொல்லல, மேல டீக்கடை சொன்னேன்ல, அதத் திரும்ப ஒரு தடவ படிங்க.

கே: ஒரேயடியா புகழறீங்களே, அவர் சொல்றதுல ஓட்டையே இல்லையா? — ஒரு வாசகர், காரைக்குடி

ப: இருக்கு. ஐரோப்பால அவ்ளோ போட்டின்னா அமெரிக்காதான ஐரோப்பாவ விட வேகமா வளருது? புத்தகத்த மூடி வெச்சதும் எனக்கு வந்த மொதக் கேள்வி இதான், அதுக்கு அவர் பதில் போதல. ஐரோப்பால டெலிகாம்காரன் டஜன் கணக்குல இருக்கான், லாபம் ஒட்டாததால புது நெட்வொர்க்குல போட காசில்ல, கொஞ்சம் பேரச் சேர விடுங்கன்னு 2024 செப்டம்பர்ல இத்தாலியோட முன்னாள் பிரதமர் மரியோ த்ராகி குடுத்த அறிக்கையே சொல்லுது. அப்பறம் நாடு முழுக்கக் குவியல் ஏறினாலும், ஊர் ஊராப் பாத்தா பல தொழில்ல கொறைஞ்சிருக்குன்னு காட்டற ஆராய்ச்சியும் இருக்கு, பெரிய சங்கிலிக் கடை ஒரு ஊருக்கு வந்தா நாட்டுக் கணக்குல ஒருத்தன் பெருத்தான், அந்த ஊர்க்காரனுக்கோ கூடுதலா ஒரு கடை. கூகுள், ஃபேஸ்புக் பத்தியும் அவர் கை கொஞ்சம் தளர்த்திதான் அடிக்கறார், அந்தக் காலத்து ஜெனரல் மோட்டார்ஸ், ஐபிஎம்மோட ஒப்பிட்டா மத்த பொருளாதாரத்தோட இவங்களுக்குப் பெரிய ஒட்டுறவு இல்லங்கறார். ஏஐ வந்தப்பறம் அந்த அத்தியாயத்த எப்படி எழுதுவாரோ. அமெரிக்கக் கோர்ட்டும் கொழம்பித்தான் கெடக்கு, 2024 ஆகஸ்ட்ல கூகுள் தேடல்ல ஏகபோகம் நடத்துதுன்னு தீர்ப்பு வந்துச்சு, அடுத்த வருஷம் தண்டனைன்னு பாத்தா குரோம விக்கச் சொல்லல, 2025 நவம்பர்ல ஃபேஸ்புக்கோட தாய்க் கம்பெனி மெட்டா மேல போட்ட ஏகபோக கேஸ் தோத்துப் போச்சு.

கே: அந்த ஃப்ரீ கம்பெனிக்காரர் இப்ப என்ன பண்றார்? இன்னும் ரெண்டு யூரோவுக்குக் குடுக்கறாரா? — ஒரு வாசகி, புதுச்சேரி

ப: புதுச்சேரின்னா பிரான்ஸ்ல யாராவது சொந்தக்காரங்க இருப்பாங்க, ப்ளான் வெலைய அவங்களயே கேட்டு எனக்கும் சொல்லுங்க. ஆள் இப்ப பிரான்ஸோட பெரிய பணக்காரங்கள்ல ஒருத்தர். இதுக்கு நடுவுல எஸ்எஃப்ஆர் கடன்ல முழுகிடுச்சு. 2025 அக்டோபர்ல அத மூணு துண்டாப் பிரிச்சு எடுத்துக்கறோம், 1,700 கோடி யூரோ தரோம்னு மூணு பேர் கூட்டா வெல கேட்டாங்க, எஸ்எஃப்ஆர் முதலாளி அடுத்த நாளே முடியாதுன்னுட்டார். கேட்ட மூணு பேர் யாருன்னா ஒண்ணு ஆரஞ்சு, ஒண்ணு பூயிக், மூணாவது நம்ம புறாக்காரர்.